ஒரு மில்லிகிராம் செங்காந்தள்

மழை விட்ட ஐப்பசி, கார்த்திகை காலைகளில் மூலனூர், தாராபுரம் பக்கம் போனால், கம்பிப் பந்தலில் படர்ந்த கொடிகளுக்கிடையே பெண்கள் குனிந்து நிமிர்ந்து நகர்வதைப் பார்க்கலாம். பூப் பறிக்க அல்ல. ஒவ்வொரு பூவிலும் மகரந்தத்தை எடுத்துச் சூல்முடியில் தொட்டு வைக்கிறார்கள். செங்காந்தளின் சூல்தண்டு கேசரங்களை விட்டு விலகி, பக்கவாட்டில் மடங்கி நிற்கும். பூச்சிகளை மட்டும் நம்பினால் காய் சரியாகப் பிடிக்காது. இத்தனை பாடும் விதைக்காகத்தான்.

கபிலர் குறிஞ்சிப்பாட்டில் அடுக்கிய 99 பூக்களில் முதலில் நிற்பது செங்காந்தள்தான். இன்று நம் மாநில மலர். உழவர்களுக்குக் கண்வலிக்கிழங்கு, கிழங்கு கலப்பை போல வளைந்திருப்பதால் கலப்பைக்கிழங்கு என்றும் பெயர்.

விதையிலும் கிழங்கிலும் இருக்கும் சரக்கு கோல்ச்சிசின். செங்காந்தளின் குடும்பத்தைச் சேர்ந்த ஓர் ஐரோப்பியச் செடியிலிருந்து 1820இல் பிரெஞ்சு வேதியியலாளர்கள் பெல்லெத்தியேவும் காவந்துவும் இதைப் பிரித்தெடுத்தார்கள். கவுட் என்னும் மூட்டுவாதத்துக்கு இது கைகண்ட மருந்து. யூரிக் அமிலம் படிகமாகி மூட்டில் தங்கும்போது வெள்ளை அணுக்கள் அங்கே திரண்டு ஓடுகின்றன. வீக்கமும் உயிர்போகும் வலியும் அதனால்தான். அணுவுக்குள் இருக்கும் நுண்குழல்களைக் கட்டவிடாமல் செய்து அந்த ஓட்டத்தை நிறுத்துகிறது கோல்ச்சிசின். இதய ரத்தக்குழாய் நோயாளிகளுக்கு 0.5 மில்லிகிராம் மாத்திரையாகக் கொடுக்க 2023இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு அனுமதி அளித்திருக்கிறது.

ஆனால் உயிரணு இரண்டாகப் பிரிவதற்கும் அதே நுண்குழல்கள்தான் வேண்டும். அளவு மீறினால், ஓயாமல் புதிய அணுக்களை உண்டாக்கும் இடங்கள் முதலில் அடிபடும்: குடலின் உட்சுவர், எலும்பு மஜ்ஜை. கவுட் வலி கிளம்பும்போது 1.2 மில்லிகிராம், ஒரு மணி நேரம் கழித்து 0.6, இன்றைய மருத்துவம் கொடுப்பது அவ்வளவுதான். 7 மில்லிகிராமிலேயே இறந்தவர்கள் உண்டு. மருந்துக்கும் மரணத்துக்கும் நடுவே இருப்பது இந்தச் சில மில்லிகிராம்தான். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கும், கிளாரித்ரோமைசின் போன்ற ஆன்டிபயாடிக் சாப்பிடுபவர்களுக்கும் வழக்கமான அளவே விஷமாகிவிடலாம்.

இதை ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், மாத்திரையில் அளவு உண்டு, கிழங்கில் இல்லை. மண்ணுக்கு மண், கிழங்குக்குக் கிழங்கு சரக்கின் அளவு மாறும். ஆயுர்வேதம் இதை உபவிஷங்களில் ஒன்றாக வைத்திருக்கிறது. சித்த மருத்துவமும் சுத்தி செய்யாமல் இதைத் தொடுவதில்லை. கருக்கலைப்புக்கென்று கிழங்கை அரைத்துக் குடித்தவர்களும், வள்ளிக்கிழங்கு என்று நினைத்து அவித்துத் தின்றவர்களும் இறந்திருக்கிறார்கள். இலங்கையில் நியங்கலா என்ற பெயரில் இதே கிழங்கு பல உயிர்களைக் குடித்திருக்கிறது. அவித்தாலும் நஞ்சு போகாது.

தின்ற சில மணி நேரத்தில் தொண்டை எரியும், வாந்தியும் வயிற்றுப்போக்கும் பிடித்துக்கொள்ளும். பார்ப்பவர்கள் சாப்பாடு சேரவில்லை என்று நினைத்துவிடுவார்கள். இரண்டாம் நாளிலிருந்துதான் ரத்த அணுக்கள் சரிவதும், சிறுநீரகமும் இதயமும் தளர்வதும். பிழைத்தவர்களுக்கு ஓரிரு வாரத்தில் தலைமுடி கொத்துக் கொத்தாகக் கொட்டும். ஆஸ்பத்திரிகளில் கைவசம் இருக்கும் மாற்று மருந்து எதுவும் இதற்கு இல்லை. சீக்கிரம் கொண்டுபோய்ச் சேர்ப்பது ஒன்றுதான் வழி.

ஆகவே, தோட்டத்தில் வேலை செய்பவர்கள் கையைச் சோப்புப் போட்டுக் கழுவாமல் சோற்றில் வைக்காதீர்கள். விதைக் கிழங்கைச் சமையல் கிழங்கோடு ஒரே மூலையில் போட்டு வைக்காதீர்கள். யாராவது தின்றுவிட்டதாகத் தெரிந்தால் வாந்தி நிற்கட்டும் என்று காத்திராமல் உடனே 108ஐ அழையுங்கள். மிச்சமிருக்கும் கிழங்குத் துண்டையும் கையோடு எடுத்துப்போய், டாக்டரிடம் அதன் பெயரைச் சொல்லுங்கள்.