களிறு குட்டி போட்ட கதை

மெதுவாக உள்ளே வாருங்கள், பிள்ளைகள் மும்முரமாக இருக்கிறார்கள்! மலேசியாவின் ரவாங்கில் ஒரு வீட்டு டியூசன் வகுப்பு. ஐந்தாம் ஆண்டு மாணவர்கள் கையில் ஒரு சின்னப் பத்தி: ஒரு யானை, அதன் குட்டி, எதிரே கடல். பொருள் மாறாமல் சொற்களை மாற்றி எழுத வேண்டும். அடடா, அதற்குப் பிறகு நடக்கிறதே கூத்து!

"டீச்சர், யானைக்குக் களிறு போடலாமா?"

"போடலாமே."

போட்டாயிற்று. அடுத்த வரியில் களிறு குட்டி ஈன்றுவிட்டது! களிறு ஆண் யானை ஆயிற்றே. அழிப்பான் பறக்கிறது, 'பிடி' வந்து உட்காருகிறது. பக்கத்துப் பையன் 'கரி' என்று எழுதுகிறான். அதுவும் யானையின் பெயர்தான். ஆனால் "காட்டில் கரி நின்றது" என்று வாசித்ததும் அடுப்பங்கரை நினைவு வந்து வகுப்பே சிரிக்கிறது. கடலை 'ஆழி' ஆக்கிய சிறுமிக்கோ சக்கரமும் மோதிரமும் சேர்ந்தே வந்துவிடுகின்றன.

இவ்வளவு சொல்லும் எங்கிருந்து வருகிறது? டீச்சரின் மேசையைப் பாருங்கள், சூடாமணி நிகண்டு! மண்டலபுருடர் பாட்டாகவே கட்டிய சொற்களஞ்சியம். அந்நாளில் திண்ணைப் பள்ளிப் பிள்ளைகள் இதை மனப்பாடமாக ஒப்பித்தார்கள். மொத்தம் 12 தொகுதிகள். யானை இருப்பது மூன்றாவதில், விலங்குகளோடு. எனக்குத் தலைகால் புரியாத மகிழ்ச்சி தந்தது பதினொன்றாவது. ஒரே சொல்லுக்குப் பல பொருள் காட்டும் தொகுதி அது. சொல்லை அள்ளிக் கொடுத்த கையாலேயே, எங்கே வழுக்கும் என்பதையும் சொல்லிவைத்திருக்கிறார் மனிதர்!

சொல்லை மாற்றி வைக்கும் இந்த வேலையை வாழ்க்கை முழுவதற்கும் செய்தவர் ஒருவர் உண்டு. 1916 வாக்கில், பல்லாவரத்தில் மகள் நீலாம்பிகையோடு வள்ளலார் பாடலைப் பாடிக்கொண்டிருந்த சுவாமி வேதாசலம், 'தேகம்' என்ற வடசொல்லின் இடத்தில் தமிழ்ச் சொல்லான 'யாக்கை' இருந்தால் எவ்வளவு நன்றாயிருக்கும் என்றாராம். அங்கிருந்து தொடங்கியது சொல் மாற்றம். வேதம் மறையாயிற்று, அசலம் மலையாயிற்று. அவரே மறைமலை அடிகளானார். அவர் நடத்திய 'ஞானசாகரம்' இதழ் 'அறிவுக்கடல்' ஆயிற்று. பின்னாளில் அந்த மகளே வடசொற்களுக்கு நேரான தமிழ்ச் சொற்களைத் திரட்டி ஓர் அகரவரிசை செய்தார். 'அறிவுக்கடல்' என்று ஒருமுறை சொல்லிப் பாருங்கள். மாற்றி வைத்த சொல் என்றே தோன்றாது. அடிகள் அகராதியை மட்டும் நம்பவில்லை, காதையும் கேட்டார் என்பேன்.

ரவாங் டீச்சரும் அதைத்தான் செய்கிறார். எழுதி முடித்த பத்தியை ஒவ்வொரு பிள்ளையும் எழுந்து நின்று உரக்க வாசிக்க வேண்டும். இடறுகிற சொல்லுக்கு அங்கேயே விடை கொடுத்து அனுப்பிவிடுவார்கள்.

பெற்றோரே, பிள்ளை இப்படி ஒரு பயிற்சியோடு வீட்டுக்கு வந்தால், கைப்பேசியில் தேடி விடையை நீட்டிவிடாதீர்கள். தமிழ் இணையக் கல்விக்கழகத் தளத்தில் நிகண்டுகள் இலவசமாகவே கிடைக்கின்றன. பிள்ளையோடு உட்கார்ந்து தேடுங்கள், மாற்றியதை வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள்.