கத்தரிக்கோலும் கலையும்

திரைப்படம் பார்த்து மீள்வோரை வினவினால் நடிகரின் பெயரைச் சொல்வர். சிலர் நெறியாளரின் பெயரையும் சொல்வர். படத்தைத் தொகுத்தவர் யாரென்று கேட்டால் விழிப்பர். அத்தொழிலின் இயல்பு அத்தகையது. தொகுப்பாளரின் கைவண்ணம் தனித்துக் கண்ணிற் பட்டால் அதுவே குறையாகிவிடும். மறைந்திருந்து செய்யும் இக்கலையிற் பயின்று, பின்னர் தம் பெயரை உலகறியச் செய்தவர் நம் நாட்டுப் பெண்மணியான சுமித்ரா பீரிஸ்.

தொகுப்பாளரின் பணி யாது? படச்சுருள் வழங்கிய காலத்தில் விநாடிக்கு 24 படங்கள் ஓடின. நிமிடம் ஒன்றுக்கு 90 அடிச் சுருள் வேண்டும். ஒன்றரை மணி நேரப் படத்துக்கு 8,100 அடி. படம்பிடிக்கப்பட்டதோ அதனிலும் பன்மடங்கு. அத்தனையையும் பலமுறை பார்த்து, வேண்டியதை மட்டும் வெட்டி ஒட்டிக் கதையை நடக்கச் செய்தல் வேண்டும். ஒரு பெண்ணின் பார்வையைச் சட்டென வெட்டினால் அது சினமாகத் தோன்றும். அரை விநாடி நீடிக்கவிட்டால் ஏக்கமாகத் தோன்றும். அந்த அரை விநாடியை அறிவதே கலை.

சுமித்ரா குணவர்த்தன 1934-ஆம் ஆண்டு மார்ச் 24-ஆந் திகதி பயாகலையிற் பிறந்தார். இடதுசாரித் தலைவர் பிலிப் குணவர்த்தன இவருடைய சிறிய தந்தை முறையினர். 1956-இல் ஐரோப்பா சென்ற சுமித்ரா, பாரிஸ் நகரில் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் என்னும் இளம் நெறியாளரைச் சந்தித்தார். லெஸ்ரரின் ‘ரேகாவ’ 1957-இல் பிரான்சின் கான் விழாவுக்குச் சென்ற காலம் அது. அவரது ஆலோசனைப்படி சுமித்ரா இலண்டன் திரைப்படக் கல்லூரியிற் சேர்ந்தார். அங்கு ஆடவர் நடுவே தாம் ஒருவரே பெண்ணாக இருந்து பயின்றார்.

தாயகம் திரும்பியவர் லெஸ்ரரின் ‘சந்தேசய’ படத்தில் உதவி நெறியாளராகப் பணிபுரிந்தார். 1964-இல் இருவரும் மணம் புரிந்தனர். வெள்ளவத்தைக்கு அணித்தாக உள்ள டிக்மன்ஸ் வீதியில் இவர்கள் நெடுங்காலம் வாழ்ந்தனர். அவ்வீதி இன்று லெஸ்ரரின் பெயரைத் தாங்கி நிற்கிறது.

முதற் சிங்களப் பேசும்படம் 1947-இல் வெளிவந்தது. அது உருவானது நம் மதுரையில். அதன்பின் நெடுநாள் வரை சிங்களப் படங்கள் தென்னிந்தியப் படங்களின் சாயலையே கொண்டிருந்தன. அச்சாயலினின்றும் விலகி, மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவலைத் தழுவி 1963-இல் ‘கம்பெரலிய’ எழுந்தது. நலிந்துவரும் ஒரு கிராமத்துப் பெருங்குடும்பத்தின் கதை அது. கலையகத்துக்கு வெளியே படமாக்கப்பட்டது. வழக்கமான ஆடல் பாடல் இல்லாத படத்தைச் சோர்வின்றி நடத்திச் செல்லும் பாரம் தொகுப்பாளரின் தோளில் விழுந்தது. அத்தொகுப்பாளர் சுமித்ராவே. 1965-இல் புதுடில்லி விழாவில் அப்படம் தங்க மயில் விருது பெற்றது.

பதினைந்து ஆண்டுகள் கழித்து, 1978-இல், சுமித்ரா தாமே நெறியாளராகி ‘கெஹெனு லமாய்’ படத்தை ஆக்கினார். ஏழைப் பெண்ணொருத்தியின் நிறைவேறாக் காதலை ஆரவாரமின்றிக் கூறும் படம் அது. ஒளிப்பதிவு செய்தவர் எம். எஸ். ஆனந்தன். சொல்லாமல் விடுவதன் வலிமையைத் தொகுப்பறையிற் கற்றவர், நெறியாளராகியும் அதனை மறக்கவில்லை. பத்துத் திரைப்படங்களை நெறிப்படுத்தினார். 1990-களின் பிற்பகுதியில் பிரான்சில் இலங்கைத் தூதராகவும் கடமையாற்றினார்.

2018-இல் லெஸ்ரரும், 2023 ஜனவரி 19-ஆந் திகதி சுமித்ராவும் மறைந்தனர். படச்சுருளுக்கும் மூப்பு உண்டு. நிறம் மங்கும், கீறல் விழும், பேணாதுவிடின் அழியும். ‘கெஹெனு லமாய்’ அவ்வாறு அழியாமல் பழுதுநீக்கப்பெற்று, 2025-இல் கான் விழாவில் மீண்டும் ஒளிர்ந்தது. அதனைக் காண அவர் இல்லை.

புகழை நாடும் மாணவர்க்கு இவ்வாழ்வில் ஒரு பாடம் உண்டு. பெயர் தெரியாத அறையில் பொறுமையோடு கற்ற தொழிலே பின்னர் பெயரைத் தேடித் தந்தது. அடுத்த முறை திரைப்படம் பார்க்கும்போது, எழுத்துகள் ஓடி முடியும் வரை சற்று அமர்ந்திருங்கள். தொகுப்பாளரின் பெயரையும் படித்துவிட்டு எழுந்திருங்கள்.