கடற்கொள்ளையனும் தேசாதிபதியும்: 'கப்டன் பிளட்' திரைப்படத்தின் கருத்துநிலை பற்றிய ஒரு நோக்கு

1935ஆம் ஆண்டின் இறுதியில் வோர்னர் பிரதர்ஸ் நிறுவனம் வெளியிட்ட 'கப்டன் பிளட்', வாட்போரும் கடற்சமரும் காதலும் நிறைந்த சாகசப் படமாகவே பெரிதும் நினைவுகூரப்படுகின்றது. ரஃபேல் சபற்றினியின் 1922ஆம் ஆண்டு நாவலைத் தழுவி மைக்கல் கேர்ட்டிஸ் நெறிப்படுத்திய இப்படம், அதுவரை அதிகம் அறியப்படாதிருந்த எரல் பிளினை நட்சத்திரமாக்கியது. வெறும் பொழுதுபோக்கு என இதனை ஒதுக்கிவிடுதல் எளிது. ஆயின், அடிமைகளின் கிளர்ச்சியொன்றை நடுவில் வைத்து வளரும் இக்கதை, அக்கிளர்ச்சியின் தலைவனை அதே அடிமைத் தீவின் தேசாதிபதியாக்கி மகிழ்வுடன் முடிகின்றது. இம்முடிவு பார்வையாளருக்கு இயல்பானதாகத் தோன்றுவது எவ்வாறு என்பதே ஈண்டு எழுப்பப்படும் வினா.

1685இல் இரண்டாம் ஜேம்ஸ் மன்னனுக்கு எதிராக மொன்மத் கோமகன் நடத்திய கிளர்ச்சி தோற்கடிக்கப்பட்டது. காயமுற்ற கிளர்ச்சியாளனொருவனுக்குச் சிகிச்சையளித்த குற்றத்திற்காக வைத்தியரான பீற்றர் பிளட், நீதிபதி ஜெப்ரீசினால் மரண தண்டனைக்குள்ளாக்கப்படுகின்றார். குடியேற்ற நாடுகளில் உழைப்புக்குத் தேவை இருப்பதை அறிந்த மன்னன், தூக்கிலிடுவதிலும் விற்பதே இலாபமெனக் காண்கின்றான். ஜமெய்க்காவின் போர்ட் றோயல் துறையில் பிளட் பத்துப் பவுணுக்கு விலைபோகின்றார். இது வெறுங் கற்பனையன்று. அக்கிளர்ச்சியில் ஈடுபட்டோருள் எண்ணூறுக்கும் மேற்பட்டோர் மேற்கிந்தியத் தீவுகளுக்கு அனுப்பப்பட்டமை வரலாறு. தண்டனையும் சந்தையும் ஒன்றோடொன்று பிணைந்திருந்தமையை, படத்தின் இப்பகுதி தெளிவாகவே காட்டுகின்றது.

ஸ்பானியக் கப்பலொன்றைக் கைப்பற்றித் தப்பும் அடிமைகள், தமக்கென ஓர் உடன்படிக்கை செய்துகொள்கின்றனர். கொள்ளைப் பொருள் பொது நிதியாகின்றது. அங்கம் இழந்தவனுக்கு நட்டஈடு உண்டு. இதற்கும் வரலாற்று ஆதாரம் உள்ளது. கடற்கொள்ளையரோடு வாழ்ந்த எக்ஸ்குவெமெலின் 1678இல் வெளியிட்ட நூலில், வலது கையை இழந்தவனுக்கு 600 ஸ்பானிய வெள்ளிநாணயங்கள் வழங்கும் வழக்கத்தைக் குறிப்பிட்டுள்ளார். கூட்டாகப் பேரம் பேசும் உரிமையை அமெரிக்கத் தொழிலாளர் சட்டவாயிலாகப் பெற்ற ஆண்டும் 1935 ஆகும். பொருளாதார வீழ்ச்சியின் நடுவே இருந்த பார்வையாளருக்கு, எசமானன் இல்லாத அக்கப்பல் வெறுங் காட்சியாக மட்டும் தோன்றியிருக்க முடியாது.

எனினும், படத்தின் எல்லையும் இங்கேயே தொடங்குகின்றது. பதினேழாம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் ஜமெய்க்காவின் மக்களுட் பெரும்பான்மையினர் ஆபிரிக்க அடிமைகளே. படத்திலோ சவுக்கடிபடுவோரும் விடுதலை பெறுவோரும் ஆங்கிலேயர். 'பிறப்பால் சுதந்திரமான' வெள்ளையனை அடிமையாக்கியதே அநீதியாகத் தோன்றுகின்றது. அடிமைமுறை என்னும் உற்பத்தி உறவு கேள்விக்குள்ளாக்கப்படவில்லை.

முடிவும் இதன் வழிப்பட்டதே. ஜேம்ஸ் வீழ்ந்தான், வில்லியம் அரியணை ஏறினான் என்ற செய்தி வந்ததும் கொள்ளையர் அரச கடற்படையினராகி, போர்ட் றோயலைத் தாக்கும் பிரெஞ்சுக் கப்பல்களை முறியடிக்கின்றனர். தோட்ட முதலாளி பிஷப்பின் பதவி பிளட்டுக்குக் கிடைக்கின்றது. கொடுமை முழுவதும் ஒரு மன்னனிலும் ஒரு முதலாளியிலும் ஏற்றிவைக்கப்பட்டதால், அவ்விருவரும் அகன்றதும் முரண்பாடு தீர்ந்துவிடுகின்றது. வரலாறு கூறுவதோ வேறு. ஜேம்ஸ் தலைமை வகித்த அரச ஆபிரிக்கக் கம்பனியின் அடிமை வர்த்தக ஏகபோகத்தை, வில்லியத்தின் ஆட்சியில் 1698ஆம் ஆண்டுச் சட்டம் தளர்த்தி, பத்து வீத வரி செலுத்தும் ஆங்கில வணிகர் அனைவருக்கும் அவ்வர்த்தகத்தைத் திறந்துவிட்டது. 'நல்ல மன்னன்' காலத்தில் அடிமை வாணிபம் சுருங்கவில்லை, விரிந்தது. பிரித்தானியக் குடியேற்றங்களில் அடிமைமுறையை ஒழிக்கும் சட்டம் 1833இலேயே நிறைவேறியது.

கொள்ளையன் ஆட்சியாளனாவதற்கும் முன்னுதாரணம் உண்டு. 1671இல் பனாமாவைச் சூறையாடிய ஹென்றி மோர்கன், 1674இல் 'சேர்' பட்டம் பெற்று, ஜமெய்க்காவின் உதவித் தேசாதிபதியானான். அவன் அடிமைகளின் உழைப்பில் வளர்ந்த கரும்புத் தோட்டங்களின் உடைமையாளனுமாவான். படம் வீரமாகக் காட்டும் மாற்றத்தின் வர்க்க உள்ளடக்கத்தை மோர்கனின் வாழ்வு வெளிப்படையாகவே உணர்த்துகின்றது.

இக்கதையமைப்பு தமிழுக்கும் வந்தது. பி. ஆர். பந்துலு நெறிப்படுத்தி, எம்.ஜி.ஆர். நடித்த 'ஆயிரத்தில் ஒருவன்' (1965), கிளர்ச்சியாளருக்குச் சிகிச்சையளித்த வைத்தியன் தீவொன்றில் அடிமையாக விற்கப்பட்டுக் கடற்கொள்ளையனாகும் அதே அமைப்பினைக் கொண்டது. கூட்டு விடுதலையின் வேட்கை இங்கும் உண்டு. ஆயின், தலைப்பே சுட்டுவதுபோல, ஆயிரவர் பின்னணியாகி ஒருவன் முன்னிற்கின்றான். அந்நாயகன் 1977இல் தமிழ்நாட்டின் முதலமைச்சரானமையை இத்தகைய படிமங்கள் மட்டுமே விளைவித்தன என்றல் மிகையாகும். அவற்றுக்கு அதிற் பங்கில்லை என்றலும் பொருந்தாது.

ஆகவே, சாகசப் படங்களை மக்களை மயக்கும் போதையென மட்டும் கொள்ளுதல் போதாது. சங்கிலி அறுபடும் கணத்தில் திரையரங்கில் எழும் ஆரவாரம் உண்மையானது. அவ்வுணர்வின்றி இப்படம் விலைபோகாது. அவ்வுணர்வைத் தூண்டிய படம், அதனை எந்த இடத்தில் நிறுத்துகின்றது, யாரிடம் கையளிக்கின்றது என்பதை இனங்காணுதலே முற்போக்கு விமர்சனத்தின் பணியாகும்.