உங்களுக்குத் தெரியுமா? நல்ல கையைக் கட்டிவைக்கும் வைத்தியம்

பக்ஷவாதத்தால் ஒரு கை சுவாதீனம் இழந்தவருக்கு, மிஞ்சியிருக்கும் நல்ல கையையும் உறையிட்டு முடக்கிவைப்பதே சிகிச்சை என்று ஒருவர் சொன்னால், அவரை வைத்தியம் அறிந்தவர் என்று யார்தான் நம்புவார்கள்? ஆயினும், அமெரிக்காவின் அலபாமா சர்வகலாசாலையைச் சேர்ந்த எட்வர்ட் டாப் என்னும் உளவியலறிஞர் வகுத்த முறை இதுவேயாகும்.

உணர்வு நரம்புகள் துண்டிக்கப்பட்ட கையை அறவே உபயோகிக்காமல் விட்டுவிட்ட குரங்குகள், மற்றக் கையைக் கட்டிவைத்தவுடன் அதே கையால் உணவை எடுக்கத் தொடங்கியதைக் கண்ட அவர், சக்தி குன்றியது மாத்திரமன்றி, ஆரம்பத்தில் முயன்று முயன்று தோற்றதால் படிந்துவிட்ட வழக்கமும் ஊனத்திற்குக் காரணம் என்று ஊகித்தார்.

2006-இல் வெளியான, 222 நோயாளிகளைக் கொண்ட பரிசோதனையில், விழித்திருக்கும் நேரத்தில் பத்தில் ஒன்பது பங்கு நல்ல கைக்கு உறை மாட்டி, இரண்டு வாரங்கள், நாளொன்றுக்கு 6 மணி நேரம் வரை பலவீனமான கைக்கு அப்பியாசம் அளிக்கப்பட்டவர்கள், வழக்கமான பராமரிப்பைப் பெற்றவர்களைவிட ஓராண்டு கழிந்த பின்னும் மேம்பட்ட நிலையிலேயே இருந்தனர்.

ஆனால் மணிக்கட்டையும் விரல்களையும் சிறிதளவேனும் நிமிர்த்த முடிந்தவர்களுக்கே இம்முறை பொருந்துமாதலால், நிபுணரின் மேற்பார்வையின்றி வீட்டில் எவரும் இதைப் பரீட்சித்துப் பார்ப்பது உசிதமன்று.