பழைய கணனியும் கம்பியில்லா இணைப்பும்

வெக்ஸ்போர்ட் வட்டாரத்து வீடுகள் சிலவற்றின் நிலக்கீழ் அறைகளில் விண்டோஸ் எக்ஸ்பி கணனிகள் இன்னும் உறங்குகின்றன. பாமினி எழுத்துருவில் எம் பெரியோர் தட்டச்சுச் செய்த நாடகங்களும் கடிதங்களும் அவற்றினுள் இருக்கக்கூடும். அவற்றை வெளிக்கொணர எண்ணி, கம்பியில்லா இணைப்புக் கருவியொன்றை வாங்கிச் செருகினால், இயக்கி இல்லையெனக் கணனி கைவிரிக்கின்றது.

இயக்கி என்பது யாது? இயங்குதளத்துக்கும் கருவிக்கும் இடையே நின்று மொழிபெயர்க்கும் சிறு மென்பொருளே அது. அம்மம்மாவின் தமிழுக்கும் பேரப்பிள்ளையின் ஆங்கிலத்துக்கும் நடுவே தாய் நிற்பதை ஒத்தது. புதிய இயங்குதளத்துக்கென எழுதப்பட்ட இயக்கி பழையதற்குப் பொருந்தாது.

இயக்கியைத் தேடுவோர் பெட்டியிலுள்ள பெயரை மட்டும் நம்பலாகாது. ஒரே பெயரில் விற்கப்படும் கருவிகளினுள்ளும் வெவ்வேறு சில்லுகள் இருப்பதுண்டு. கணனியின் கருவி மேலாளர் பகுதியில், எண்ணும் எழுத்தும் கலந்த நான்கு இலக்கக் குறியீடுகள் இரண்டைக் காணலாம். முன்னையது உற்பத்தியாளரையும் பின்னையது கருவியையும் குறிக்கும். அவற்றைக் கொண்டே தேடுதல் வேண்டும். நிறுவனப் பெயர்களும் மாறியுள்ளன. 2011இல் அதெரோஸ் குவால்கொம் நிறுவனத்துடனும், ராலிங்க் மீடியாடெக் நிறுவனத்துடனும் இணைந்தன. இயக்கியை வேறொரு கணனியில் தரவிறக்கி, யூஎஸ்பி நினைவகத்தில் எடுத்துவரலாம். இலவசமாக இயக்கி தேடித் தருவதாகக் கூறும் அறிமுகமற்ற மென்பொருள்களைத் தவிர்த்தல் நன்று.

இயக்கி கிடைத்தாலும் இடர் தீராது. எக்ஸ்பிக்கான பாதுகாப்புத் திருத்தங்கள் 2014 ஏப்ரல் 8ஆம் நாளுடன் பொதுப் பாவனையாளருக்கு நிறுத்தப்பட்டன. டபிள்யூபிஏ3 எனும் புதிய காப்புமுறையை அது அறியாது. பழைய கணனிக்காக வீட்டு இணைப்பின் காப்பைத் தளர்த்துவது, ஒருவர் நுழைவதற்காக வாயிற்கதவையே கழற்றி வைப்பதற்கு ஒப்பாகும்.

ஆகவே, கோப்புகளை மீட்பதே நோக்கமாயின் இணைய இணைப்பே வேண்டியதில்லை. அவற்றை யூஎஸ்பி நினைவகத்தில் பிரதி செய்தாற் போதும். பாமினி எழுத்துரு இல்லாத கணனியில் அவை பொருளற்ற ஆங்கில எழுத்துகளாகவே தோன்றும். அது கண்டு அழித்துவிடாது, யுனிகோட் முறைக்கு மாற்றுக. பின்னர் அக்கணனியை இணையத்துடன் இணைக்க விரும்புவோர், பழைய கருவிகள் பலவற்றுக்கான இயக்கிகளைத் தன்னகத்தே கொண்ட லினக்ஸின் அண்மைப் பதிப்பொன்றை நிறுவிப் பார்க்கலாம்.

வன்தட்டுகள் என்றென்றும் உழைப்பவையல்ல. மாணவச் செல்வங்களே, அடுத்த விடுமுறையில் அம்மப்பாவுடன் அமர்ந்து, அவரது பழைய கணனியை ஒருமுறை இயக்கிப் பாருங்கள்.