தனி நாடு கேட்ட கட்சி தெருக்குழாய்க்கு வந்த கதை!

சென்னை: தெருவிளக்கு எரியலைன்னா யாரைப் பிடிப்பீங்க? ஏரியா கவுன்சிலரை. குழாய்ல சாக்கடைத் தண்ணி கலந்து வந்தா? அதுக்கும் அவரைத்தான். ஆனா குடிநீரும் பாதாள சாக்கடையும் கார்ப்பரேஷன் கையிலேயே இல்லை. 1978-ல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் வந்த சட்டத்தின்படி அது மெட்ரோ வாட்டர் வாரியத்துக்குப் போய்விட்டது. கவுன்சிலரும் நம்மள மாதிரியே போன் போட்டுத்தான் கேட்கணும்.

ரிப்பன் மாளிகைக்கு ஏன் இந்த நிலைமை? இதைப் புரிஞ்சுக்க திமுக அங்கே நுழைந்த கதையைத் தெரிஞ்சுக்கணும்.

45 சீட்டு அதிர்ச்சி

1959-ல் காமராஜர் முதல்வர். திமுக அப்போ 10 வயசுக் கட்சி. 1957 சட்டசபைத் தேர்தலில் 15 இடம் பிடித்திருந்தது. 'திராவிட நாடு' என்று தனி நாடே கேட்டுக்கொண்டிருந்த நேரம் அது. அந்தக் கோரிக்கையை 1963-ல்தான் கைவிட்டார்கள்.

தனி நாடு கேட்கிற கட்சிக்கு கார்ப்பரேஷன்ல என்ன வேலை என்று காங்கிரஸ்காரர்கள் கேலி பேசலாம். மேடையில் நாடு, வாக்குக் கேட்கப் போன தெருவில் குழாய், விளக்கு, கக்கூஸ். ரெண்டையும் சேர்த்துப் பேசியதுதான் திமுகவின் சாமர்த்தியம். 100 இடத்தில் 45-ஐ அள்ளி தனிப்பெரும் கட்சியானது. மற்றவர்கள் ஆதரவோடு அ.பொ.அரசு மேயர் ஆனார். சென்னைக்கு முதல் திமுக மேயர் அவர்தான்.

தேர்தல் வேலையை முன்னின்று பார்த்த கருணாநிதிக்கு பொதுக்கூட்டத்தில் அண்ணா மோதிரம் போட்டார். (அந்த மோதிரத்தைப் பற்றி கண்ணதாசன் 'வனவாசம்' புத்தகத்தில் வேற மாதிரி எழுதினார். அது தனிக்கதை!) 1962-ல் சட்டசபையில் 50 இடம். 1967-ல் கோட்டையே கைக்கு வந்தது. கட்சிக்காரர்கள் நிர்வாகம் பழகிய முதல் பள்ளிக்கூடம் ரிப்பன் மாளிகைதான்.

சொந்த ஆட்சியே கலைத்தது

பள்ளிக்கூடத்தில் காப்பி அடித்தவர்களும் இருந்தார்கள். 'மஸ்டர் ரோல்' ஊழல் பெருசுகள் மறக்காத விவகாரம். வேலைக்கே வராத ஆட்களின் பேரை வருகைப் பதிவேட்டில் எழுதி, கூலியை எடுத்துவிட்டார்கள் என்பதுதான் புகார். கார்ப்பரேஷனிலும் திமுக, கோட்டையிலும் திமுக. 1973 கடைசியில் கருணாநிதி அரசே மன்றத்தைக் கலைத்தது.

அதுக்கப்புறம் 1996 வரைக்கும் சென்னைக்குத் தேர்தலே கிடையாது! 23 வருஷம். திமுக, அதிமுக, கவர்னர் ஆட்சி எல்லாம் வந்து போச்சு. அதிகாரிகளே ஊரை நடத்தினார்கள். 5 வருஷத்துக்கு ஒரு தடவை உள்ளாட்சித் தேர்தல் நடத்தியே ஆகணும் என்று 1993-ல் அரசியல் சட்டத்திருத்தம் அமலுக்கு வந்த பிறகுதான் விடிவு பிறந்தது.

மேயர் ஸ்டாலின்

1996 அக்டோபரில் மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுத்த மேயர் ஆனார் மு.க.ஸ்டாலின். ஊரெல்லாம் மேம்பாலம் கட்டப்பட்டது. 2001-ல் ஜெயலலிதா ஆட்சிக்கு வந்ததும் அந்த மேம்பால வழக்கில்தான் ஜூன் 30 அதிகாலையில் கருணாநிதி கைது செய்யப்பட்டார். ஸ்டாலினும் கைதானார். அந்த வழக்கில் யாருக்கும் தண்டனை வரவில்லை. அதே வருஷம் ஸ்டாலின் மறுபடியும் மேயராக ஜெயித்தார். ஒருத்தருக்கு எம்.எல்.ஏ., மேயர் என ரெண்டு பதவி கூடாது என்று 2002-ல் சட்டம் வந்தது. அவர் மேயர் பதவியில் நீடிக்கவில்லை.

2006-ல் மா.சுப்பிரமணியன். 2011-ல் சுற்றுவட்டார ஊர்களையும் சேர்த்து 200 வார்டாக்கினார்கள். அந்தத் தேர்தலில் ஜெயித்த சைதை துரைசாமிதான் அதிமுகவின் முதல் சென்னை மேயர்.

2016 அக்டோபரில் பதவிக்காலம் முடிந்தது. பழங்குடியினர் இட ஒதுக்கீடு சரியில்லை என்று திமுக தரப்பு கோர்ட்டுக்குப் போக, அறிவித்த தேர்தலை ஐகோர்ட் ரத்து செய்தது. அப்போதைய அதிமுக ஆட்சியும் அவசரம் காட்டவில்லை. 5 வருஷத்துக்கு மேல் கவுன்சிலரே இல்லை. கொரோனாவில் தெருவுக்குத் தெரு தகரம் வைத்து அடைத்த நேரத்தில்கூட, ஓட்டு வாங்கிய ஒரு ஆள் வார்டில் இல்லை. 2022 பிப்ரவரியில் தேர்தல் நடந்து திமுக 153 வார்டு பிடித்தது. 28 வயசு பிரியா ராஜன் மேயர். அந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் தலித் பெண்.

சாவி யார் கையில்?

இங்கேதான் விஷயம். மேயர் மன்றக் கூட்டத்துக்குத் தலைமை தாங்குவார். நிர்வாகம் கமிஷனர் கையில். அவர் ஐ.ஏ.எஸ். அதிகாரி. அவரைப் போடுவதும் மாற்றுவதும் கோட்டை. குடிசைப் பகுதி வீடுகள் 1970-லேயே தனி வாரியத்துக்குப் போயாச்சு. பல மெயின் ரோடுகள் நெடுஞ்சாலைத் துறையிடம். குப்பை, தெருவிளக்கு, மழைநீர் வடிகால், உள்தெரு ரோடு, பிறப்பு இறப்பு சர்டிபிகேட், கார்ப்பரேஷன் ஸ்கூல், கொசு மருந்து இதெல்லாம்தான் மிச்சம். (இதுக்கு 1913-க்கு போன் போடலாம்.)

டெல்லியிடம் மாநில சுயாட்சி கேட்டு, 1969-ல் ராஜமன்னார் கமிட்டியே போட்ட கட்சி திமுக. டெல்லி அதிகாரத்தைப் பிடித்து வைத்திருக்கிறது என்பது அவர்கள் புகார். நியாயமான புகார்தான். அதே அளவுகோலை கோட்டைக்கும் ரிப்பன் மாளிகைக்கும் நடுவில் வைத்துப் பார்த்தால், திமுக, அதிமுக ரெண்டு பேருமே நெளிவார்கள்.

சொத்து வரியைப் பாருங்க. நிதி கமிஷன் பணம் வேணும்னா வரியை ஏத்துன்னு டெல்லி நிபந்தனை போட்டதாக அரசு சொன்னது. 2022 ஏப்ரலில் கோட்டை உத்தரவு போட்டது. பழைய சென்னைப் பகுதியில் 600 சதுர அடி வரை 50 சதவீதம், 1,800 சதுர அடிக்கு மேல் 150 சதவீதம் உயர்வு. பதவிக்கு வந்து சில மாசமே ஆன கவுன்சிலர்கள் கை தூக்கினார்கள். ஹவுஸ் ஓனர் கட்டும் வரி கடைசியில் வாடகையில்தானே வந்து நிற்கும்!

2025 ஆகஸ்ட்டில் ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களின் குப்பை வேலையைத் தனியாருக்குக் கொடுத்தபோது, துப்புரவுத் தொழிலாளர்கள் ரிப்பன் மாளிகை வாசலிலேயே 13 நாள் உட்கார்ந்தார்கள். கடைசியில் கோர்ட் உத்தரவைக் காட்டி, நள்ளிரவில் போலீஸ் அவர்களை அள்ளிக்கொண்டு போனது. அவர்களில் நிறைய பேர் பெண்கள். மேயர் பிரியா கவுன்சிலராக ஜெயித்து வந்த 74-வது வார்டும் அதே திரு.வி.க. நகர் மண்டலத்தில்தான் இருக்கிறது.