அரிசி மாவில் பிறந்த ஓவியமும் தில்லி இழந்த சுவரும்

புது தில்லி: நிதியமைச்சர் நிர்மலா சீதாராமன் 2025 பிப்ரவரி 1-ஆம் தேதி மக்களவையில் நிதிநிலை அறிக்கை தாக்கல் செய்தபோது, வருமான வரிச் சலுகைக்கு அடுத்தபடியாகப் பேசப்பட்டது அவர் உடுத்தியிருந்த சேலை. மதுபனி ஓவியம் கொண்ட அதைப் பரிசளித்தவர் பீகாரைச் சேர்ந்த துலாரி தேவி. மீனவர் சமூகத்தில் பிறந்து, ஓவியர் ஒருவர் வீட்டில் பணிப்பெண்ணாக இருந்தபோது இக்கலையைக் கற்று, 2021-இல் பத்மஸ்ரீ பெற்றவர். தேர்தல் ஆண்டில் பீகாருக்கு மக்கானா வாரியமும் அன்றே அறிவிக்கப்பட்டதால், சேலையிலும் அரசியல் தேடப்பட்டதில் வியப்பில்லை.

சேலைக்கு வருமுன் இக்கலை சமையலறைப் பொருள்களில் வாழ்ந்தது. அரிசியை நீர் விட்டு அரைத்த 'பிட்டார்' என்னும் கரைசலை விரலால் தொட்டு மிதிலைப் பெண்கள் தரையில் இடும் 'அரிபன்', நம் வீட்டு மாக்கோலத்துக்கு உடன்பிறப்பு. சுவர் ஓவியத்தில் வெண்மைக்கு அதே அரிசி மாவு. மஞ்சள் நிறத்துக்குச் சமையல் மஞ்சள். கருமைக்கு விளக்குக் கரி. மணமக்களின் அறையான 'கோஹ்பர்' சுவரில் தாமரை, மூங்கில், மீன் ஆகியவற்றை வரைந்து வாழ்த்துவது மரபு. சில மழைக்காலங்களில் மங்கிவிடும். அடுத்த திருமணத்துக்கு மீண்டும் வரைவார்கள்.

பீகாரைக் கடும் வறட்சி வாட்டிய 1966-67-இல் அந்த ஓவியம் காகிதத்துக்கு மாறியது. பெண்களுக்கு வருமானம் கிடைக்க, புபுல் ஜெயகரின் முயற்சியில் தில்லியிலிருந்து சென்ற ஓவியர் பாஸ்கர் குல்கர்னி காகிதம் கொடுத்து வரையச் சொன்னார். சோற்றுக்கே அரிசி இல்லாத காலத்தில், அரிசி மாவுக் கலை சோறு போடத் தொடங்கியது.

அவ்வழியே உலகப் புகழ் பெற்றவர்களில் ஒருவர் கங்கா தேவி. 1984-இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். புற்றுநோய்ச் சிகிச்சைக்கு இடையிலும், தில்லி பிரகதி மைதானத்தை ஒட்டியுள்ள கைவினை அருங்காட்சியகத்தின் சுவர்களில் ஒரு கோஹ்பர் அறையை வரைந்தார். 1991-இல் மறைந்தார். மத்திய ஜவுளி அமைச்சகத்தின் கீழ் இயங்கும் அதே அருங்காட்சியகத்தில், 2015-இல் சீரமைப்புப் பணியின்போது அந்த ஓவியம் அழிக்கப்பட்ட செய்தி வெளியாகி, கலைஞர்களிடையே கொந்தளிப்பை ஏற்படுத்தியது.

மழையில் கரைவது மரபு; அரசு அருங்காட்சியகத்தில் அழிக்கப்படுவது மரபாகாது. இதில் சட்டமும் தெளிவற்றதன்று. விஞ்ஞான் பவனில் இருந்த தமது வெண்கலச் சுவர்ச்சிற்பம் 1979-இல் பெயர்க்கப்பட்டுச் சிதைந்ததை எதிர்த்துச் சிற்பி அமர்நாத் சேகல் வழக்குத் தொடுத்தார். காப்புரிமைச் சட்டத்தின் 57-ஆவது பிரிவின்படி படைப்பாளியின் தார்மிக உரிமையை ஏற்ற தில்லி உயர் நீதிமன்றம், சிற்பத்தின் எஞ்சிய பகுதிகளைத் திருப்பித் தரவும் ரூ.5 லட்சம் இழப்பீடு வழங்கவும் 2005-இல் மத்திய அரசுக்கு உத்தரவிட்டது.

சேகல் உயிரோடு இருந்து வாதாடினார். கங்கா தேவியின் சுவர் அழிந்தபோது அவர் மறைந்து 24 ஆண்டுகள் ஆகியிருந்தன.